ஜாவர் வந்துட்டாரா கண்ணு?

என் அம்மிச்சிக்கு, அதாவது அம்மாவைப் பெற்றவருக்கு, கடைசிப் பத்து வருடம் கண் பார்வை மங்கிப் போயிருந்தது. ஆனாலும் தொலைக்காட்சியில் கறுப்பு வெள்ளைப் படமோ பழைய கலர்ப் படமோ போட்டால் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்துவிடுவார். படத்தைக் கேட்பார். வசனத்தைக் கேட்டே யார் எந்தப் பக்கம் நிற்கிறார்கள், யார் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள் என்றெல்லாம் சொல்வார். ஒரு விடுமுறை நாளில் 'கர்ணன்' ஓடிக்கொண்டிருந்தது. தாடியும் நகையுமாக பீஷ்மர் பேச ஆரம்பித்தார். அந்தத் தாடிக்குள் யார் இருக்கிறார் என்று நாங்கள் ஒருவரும் யோசிக்கவில்லை. அம்மிச்சி மட்டும் தலையைத் தூக்கி, "ஜாவர் வந்துட்டாரா கண்ணு?" என்றார்.

எனக்கு அப்போது அந்தப் பெயர் பழக்கமில்லை. "யாரு ஜாவர்?" என்றேன். "நம்ம பூதம்டா" என்றார். பூதம் என்றதும் புரிந்துவிட்டது. 'பட்டணத்தில் பூதம்' பார்க்காத பிள்ளை எங்கள் தெருவில் இல்லை. அந்தப் பூதம்தான் பீஷ்மரா என்று திரும்பிப் பார்த்தேன். அன்றைக்கு ஆரம்பித்த தேடல் இது. இருபது வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது. ஜாவர் சீதாராமன் என்ற மனிதரைப் பற்றி எழுத வேண்டும் என்று பலமுறை உட்கார்ந்து, இதுவரை எழுதாமலே இருந்துவிட்டேன்.

அவரை எந்தப் பெட்டியில் போடுவது என்பதே சிக்கல்தான். குணச்சித்திர நடிகர் என்றால் சரிதான். ஆனால் நம் சினிமாவின் முக்கியமான திரைக்கதைகள் சிலவற்றை எழுதியவரும் அவர்தான். வசனகர்த்தா என்று நிறுத்தினால், வாரப் பத்திரிகையில் அவர் எழுதிய தொடர்கதைகளுக்காக வாசலில் காத்திருந்த ஒரு தலைமுறை கோபித்துக்கொள்ளும். என் அம்மிச்சி அந்தத் தலைமுறை. அவருக்கு ஜாவர் முதலில் எழுத்தாளர், அப்புறம் நடிகர்.

முதலில் அந்தப் பெயரைப் பார்ப்போம். நம் சினிமாவில் வேடமோ படமோ பெயராக ஒட்டிக்கொள்வது பழைய வழக்கம். கணேசன் என்ற நாடக நடிகர் மராட்டிய மன்னராக நடித்ததைப் பார்த்துப் பெரியார் 'சிவாஜி' என்று அழைத்தார், அதுவே நிலைத்தது. பின்னால் 'வெண்ணிற ஆடை' மூர்த்தி, 'நிழல்கள்' ரவி, 'தலைவாசல்' விஜய் என்று படப் பெயர்களே முன்பெயர்களாயின. சீதாராமனுக்குக் கிடைத்த பெயர் இந்த வரிசையில் தனி. அது ஒரு பிரெஞ்சுக்காரனின் பெயர். அதுவும் கதாநாயகனை வாழ்நாள் முழுக்கத் துரத்துகிற ஒரு போலீஸ்காரனின் பெயர்.

விக்டர் ஹ்யூகோ 1862-இல் எழுதிய 'லே மிசரபிள்' நாவலைச் சுத்தானந்த பாரதியார் 'ஏழை படும் பாடு' என்று தமிழில் தந்தார். அதே பெயரில் 1950-இல் கே. ராம்நாத் இயக்கத்தில் படம் வந்தது. ரொட்டி திருடிச் சிறை போன மனிதனாக வி. நாகையா. அவரை விடாமல் துரத்தும் இன்ஸ்பெக்டராக சீதாராமன். நாவலில் இருக்கும் பெயர் தமிழ் வாய்க்கு ஏற்றபடி 'ஜாவர்' ஆயிற்று. படம் வந்த பிறகு அவர் வெறும் சீதாராமனாக இருக்கவே இல்லை. டைட்டில் கார்டிலும் பத்திரிகையிலும் ஜாவர் சீதாராமன்தான்.

அந்தப் படத்தைத் தயாரித்தது கோயம்புத்தூர் பட்சிராஜா. எஸ்.எம். ஸ்ரீராமுலு நாயுடுவின் நிறுவனம். அதனால் அம்மிச்சிக்கு ஜாவர் மேல் கொஞ்சம் உரிமை இருந்தது. "நம்மூர்ல எடுத்த படத்துலதான் அவருக்குப் பேரே வந்துச்சு" என்பார். சினிமா என்றாலே சென்னை என்று நினைக்கிறோம். அன்றைக்குக் கோவையும் சேலமும் சினிமா ஊர்கள். ஒரு நடிகரின் பெயர் கோவையில் பிறந்தது என்பதில் அவருக்கு இருந்த பெருமை எனக்கும் கொஞ்சம் ஒட்டிக்கொண்டது.

நாவலில் அந்த இன்ஸ்பெக்டர் யார் என்பதை நினைத்துப் பாருங்கள். அவன் கெட்டவன் இல்லை. லஞ்சம் வாங்குவதில்லை, பொய் சொல்வதில்லை. சட்டத்தைத் தவிர வேறு எதையும் அவன் காது கேட்காது, அவ்வளவுதான். பெயரை மாற்றிக்கொண்டு ஊர்த் தலைவராகவே ஆகிவிட்ட பழைய கைதியை அவன் அடையாளம் கண்டுகொள்ளும் இடம் நாவலில் புகழ்பெற்றது. வண்டியின் அடியில் சிக்கிய ஒரு கிழவனைக் காப்பாற்ற அந்த மனிதர் தோள் கொடுத்து வண்டியைத் தூக்குகிறார். கூடி நிற்பவர்கள் ஒரு நல்லவரைப் பார்க்கிறார்கள். இன்ஸ்பெக்டர் மட்டும் அந்தத் தோள் பலத்தில் ஒரு கைதியைப் பார்க்கிறான்.

அடையாளம் காண்பது. சீதாராமனுக்குப் பெயர் கொடுத்த வேடத்தின் தொழிலே அதுதான். பின்னால் அவர் எழுதியவற்றை ஒவ்வொன்றாகப் பார்த்தபோது அந்தத் தொழில் அவரைக் கடைசிவரை விடவில்லை என்று எனக்குத் தோன்றியது. பக்கத்தில் இருப்பவர் யார் என்று தெரியாமல் வாழ்கிறவர்கள், தெரியவரும் நொடி, தெரிந்தபின் என்ன செய்வது என்ற தவிப்பு. இந்த மூன்றும் அவர் கைபட்ட படங்களில் திரும்பத் திரும்ப வருகின்றன.

'அந்த நாள்' படத்துக்கு வருகிறேன். இதைப் பற்றி எழுதத்தான் உட்கார்ந்தேன் என்றுகூடச் சொல்லலாம்.

1954 ஏப்ரல் 13 அன்று ஏவி.எம். வெளியிட்ட படம். இயக்கம் எஸ். பாலசந்தர். ஆமாம், வீணை பாலசந்தரேதான். பாட்டே இல்லாத முதல் தமிழ்ப் படத்தை எடுத்தவர் ஒரு சங்கீத வித்வான் என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு அவர்மேல் மரியாதை கூடுகிறது. பாட்டு இல்லை, நடனம் இல்லை, சண்டை இல்லை. பத்துப் பதினைந்து பாட்டுகளோடு படங்கள் வந்த காலத்தில் இப்படி ஒன்று. அந்தத் துணிச்சலுக்குத் திரைக்கதை எழுதியவர் ஜாவர் சீதாராமன். படத்தில் கொலையைத் துப்பறிய வரும் சி.ஐ.டி. அதிகாரி சிவானந்தமும் அவரே.

கதை 1943 அக்டோபரில் நடக்கிறது. சென்னை மேல் ஜப்பான் விமானம் குண்டு போட்ட காலம், அது சரித்திரத்தில் உண்மையாகவே நடந்தது. ரேடியோ என்ஜினியர் ராஜன் தன் வீட்டிலேயே சுடப்பட்டுக் கிடக்கிறான். படம் தொடங்கும்போதே கதாநாயகன் சிவாஜி கணேசன் பிணம். பிறகு பக்கத்து வீட்டுக்காரர், தம்பி, தம்பி மனைவி, நடனக்காரி, மனைவி உஷா என்று ஒவ்வொருவரும் தனக்குத் தெரிந்த ராஜனைச் சொல்கிறார்கள். ஒவ்வொருவர் சொல்லிலும் ஒரு வேறு ராஜன் வருகிறான். சந்தேகத்தின் விரலும் வேறு வேறு பக்கம் நீள்கிறது.

இதற்குத் தூண்டுதல் ஜப்பானிய இயக்குநர் குரோசாவாவின் 'ரஷோமான்' படம் என்பது எல்லோருக்கும் தெரியும். ஆனால் அமைப்பைக் கவனித்தால் வித்தியாசம் தெரியும். ரஷோமானில் ஒரே சம்பவத்தை நாலு பேர் நாலு விதமாகச் சொல்கிறார்கள், எது நிஜம் என்று கடைசிவரை உறுதியாகாது. இங்கே அப்படி விடவில்லை. உண்மை ஒன்று இருக்கிறது, அதைக் கண்டுபிடித்தே ஆக வேண்டும். தேசபக்தியுள்ள உஷா, தன் கணவன் எதிரி நாட்டுக்கு ரகசியம் விற்கிறவன் என்று கண்டுகொள்கிறாள். கட்டிலையும் வீட்டையும் பகிர்ந்துகொண்ட மனிதன் யார் என்று அவளுக்கு அந்தக் கடைசி நேரத்தில்தான் தெரிகிறது. துப்பாக்கி அவள் கையில்.

நான் இந்தப் படத்தை முதல்முறை பார்த்தபோது சிவாஜியையும் பண்டரிபாயையும் மட்டுமே பார்த்தேன். மூன்றாவது முறையோ நான்காவது முறையோதான் சிவானந்தத்தைப் பார்த்தேன். அந்த ஆள் என்ன செய்கிறார்? கேள்வி கேட்கிறார், பிறகு சும்மா இருக்கிறார். எதிரே உட்கார்ந்திருப்பவர் பேசப் பேச, நம்புகிற மாதிரியும் இல்லாமல் நம்பாத மாதிரியும் இல்லாமல் ஒரு முகத்தை வைத்துக்கொண்டு கேட்கிறார். ஐந்து பேர் மாறி மாறிச் சொல்லும் கதையில் பார்வையாளர்கள் கையைப் பிடித்துக்கொள்ள ஒரு ஆள் வேண்டும். அந்த ஆள் அவர்தான்.

இதை எழுதியவரும் அவரேதான் என்பதை யோசித்துப் பாருங்கள். எழுத்தாளர் கையில் பேனா இருக்கிறது. தான் நடிக்கப் போகும் வேடத்துக்கு நாலு பஞ்ச் வசனம் எழுதிக்கொள்ளலாம், உச்சக் காட்சியில் ஒரு நீளமான பேச்சு வைத்துக்கொள்ளலாம். அவர் தனக்கு எடுத்துக்கொண்டது கேட்கிற வேலை. உணர்ச்சி, கோபம், கண்ணீர், துரோகம், காதல் எல்லாவற்றையும் மற்றவர்களுக்குப் பங்கு போட்டுக் கொடுத்துவிட்டார். ஏழை படும் பாட்டில் எதையும் காதில் வாங்காத போலீஸ்காரனாக வந்து பெயர் வாங்கினார். நாலு வருடம் கழித்துத் தானே எழுதிய போலீஸ்காரருக்குக் காதுகளைக் கொடுத்தார். இது தற்செயலாக அமைந்ததாகவும் இருக்கலாம். ஆனால் எனக்கு அவர் தன் பெயருக்குச் சொன்ன பதில் மாதிரித்தான் படுகிறது.

படம் முதல் வெளியீட்டில் நன்றாகப் போகவில்லை. பாட்டு எங்கே என்று ஜனங்கள் கேட்டார்கள். தேசிய விருதுகளில் அதற்குத் தகுதிச் சான்றிதழ் கிடைத்தது. அந்த வருடம் தமிழுக்கான வெள்ளிப் பதக்கம் வாங்கிய படம் 'மலைக்கள்ளன்', அதுவும் எங்கள் பட்சிராஜா படம்தான். அம்மிச்சியிடம் சொல்லியிருந்தால் இரண்டு பக்கமும் சந்தோஷப்பட்டிருப்பார்.

நடிகராக அவர் இருந்த இடத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். 'வீரபாண்டிய கட்டபொம்மன்' என்றால் நமக்கு ஜாக்சன் துரை காட்சிதான் நினைவு. சி.ஆர். பார்த்திபனும் சிவாஜியும். பள்ளி ஆண்டு விழாக்களில் அதை நடிக்காத பையன் உண்டா? ஆனால் கட்டபொம்மனுக்கு முடிவு கட்டுகிறவர் ஜாக்சன் இல்லை. ஆங்கிலேயப் படைத் தளபதி பானர்மேன். 1799 அக்டோபர் 16 அன்று கயத்தாற்றில் தூக்கு. அந்த பானர்மேன் வேடத்தில் வருபவர் ஜாவர். எதிரே சிவாஜி முழுக் குரலில் பொங்கிக்கொண்டிருக்க, இந்தப் பக்கம் நிற்பவரும் சத்தம் போட்டால் காட்சி சந்தைக்கடை ஆகிவிடும். இவர் அசையாமல் நின்றால்தான் அந்தப் பொங்கலுக்கு ஒரு கரை கிடைக்கும். குணச்சித்திர நடிகரின் உழைப்பில் பெரும்பாதி இதுதான் என்று நினைக்கிறேன். எதிரில் இருப்பவரின் நடிப்பைத் தாங்கிக்கொண்டு நிற்பது. கைதட்டல் அந்தப் பக்கம் போகும், போகட்டும்.

'கர்ணன்' பீஷ்மரும் அதே ரகம். 1964-இல் வந்தபோது அந்தப் படத்தில் இருந்த பெயர்களைச் சொல்லி முடியாது. சிவாஜி, என்.டி. ராமராவ், அசோகன், முத்துராமன். அத்தனை பேர் நடுவில் வயதும் கண்டிப்புமாக ஒரு பிதாமகர். பாரதத்தில் பீஷ்மர் கர்ணனைச் சபையிலேயே மட்டம் தட்டுகிறவர். கர்ணன் யார் மகன் என்பது தெரிந்தவரும் அவர்தான். அம்புப் படுக்கையில் கிடக்கும்போது அதைச் சொல்கிறார். மறுபடியும் அடையாளம். அந்த வேடம் அவருக்குப் போய்ச் சேர்ந்ததில் எனக்கு ஒரு திருப்தி.

இப்போது எழுத்துக்கு வருவோம். 1960-இல் வந்த 'களத்தூர் கண்ணம்மா' எல்லோருக்கும் கமல் ஹாசனின் முதல் படம். அந்த ஐந்து வயதுப் பையன் 'அம்மாவும் நீயே அப்பாவும் நீயே' என்று கைகூப்பி நிற்கும்போது கதை எழுதியவரின் பெயரை யார் கவனிக்கப் போகிறார்கள்? அது ஜாவர். ஜமீன்தார் மகனும் குடியானவன் மகளும் பிரிகிறார்கள், குழந்தை அனாதை இல்லத்தில் வளர்கிறது. பெற்றவர்கள் அவனை நேருக்கு நேர் பார்க்கிறார்கள், மகன் என்று தெரியாமல். அந்தக் காட்சிகளில் பார்வையாளருக்கு மட்டும் எல்லாம் தெரியும். தியேட்டரே மனதுக்குள் "உன் பிள்ளைம்மா அது" என்று கத்திக்கொண்டிருக்கும். 'அந்த நாள்' படத்தில் நமக்குத் தெரியாததை அவர் மறைத்து வைத்தார். இங்கே நமக்குத் தெரிந்ததை அவர்களுக்குத் தெரியாமல் வைத்தார். ஒரே வித்தையை இரண்டு பக்கத்திலிருந்தும் செய்திருக்கிறார். இந்தக் கதை இந்திக்கும் போனது, மீனா குமாரி நடிக்க 'மெய்ன் சுப் ரஹூங்கி' என்று.

1965-இல் 'குழந்தையும் தெய்வமும்'. பிரிந்துபோன பெற்றோரிடம் ஆளுக்கு ஒருவராக வளரும் இரட்டைப் பெண்கள் இடம் மாறிக்கொள்கிறார்கள். குட்டி பத்மினி இரண்டு குழந்தையாகவும் நடித்த படம். அடுத்த வருடம் 'ராமு'. பேச்சை இழந்துவிட்ட மகனை வைத்துக்கொண்டு தவிக்கும் ஒரு பட்டாளத்துக்காரத் தகப்பன், ஜெமினி கணேசன். இரண்டுக்கும் திரைக்கதை இவர். 1965-க்கும் 1966-க்கும் சிறந்த தமிழ்ப் படம் என்ற தேசிய விருதை அடுத்தடுத்து வாங்கியவை இந்த இரண்டும்தான். எந்தத் திரைக்கதை ஆசிரியருக்கும் இது பெரிய விஷயம். ஆனால் விருது வாங்கிய படங்களைப் பற்றிப் பேசும்போது இயக்குநர் பெயரும் நடிகர் பெயரும் வருகிறது, ஜாவர் பெயர் வருவதில்லை.

அப்புறம் 1968-இல் 'உயர்ந்த மனிதன்'. சிவாஜியின் 125-ஆவது படம். வசனம் ஜாவர் சீதாராமன். பணக்காரர் ராஜலிங்கத்தின் வீட்டுக்கு வேலைக்காரனாக வருகிற பையன் அவருடைய சொந்த மகன். அவருக்கும் தெரியாது, அவனுக்கும் தெரியாது. தன் ரத்தத்தையே எடுபிடியாக வைத்துக்கொண்டு ஒரு மனிதன் வாழ்கிறான். அந்தப் படத்தில்தான் 'அந்த நாள் ஞாபகம்' பாட்டு. பாட்டை எழுதியவர் வாலி, ஜாவருக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. ஆனாலும் சிவாஜி மூச்சு வாங்க அந்த முதல் இரண்டு வார்த்தைகளைச் சொல்லும்போது எனக்கு 1954-ஆம் வருடத்துச் சிவானந்தம்தான் நினைவுக்கு வருகிறார்.

இவற்றில் பல, சொந்தக் கற்பனை இல்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். உயர்ந்த மனிதன் வங்காளத்திலிருந்து வந்தது. ராமு, கிஷோர் குமார் எடுத்த இந்திப் படத்திலிருந்து. குழந்தையும் தெய்வமும் கதைக்கு ஹாலிவுட்டில் மூலம் உண்டு. எந்தக் கதையை எடுப்பது என்பதைத் தீர்மானித்தவர்கள் தயாரிப்பாளர்கள். ஆகவே எல்லாவற்றிலும் இவருடைய ஏக்கத்தைத் தேடுவது அளவுக்கு மீறியதாகவும் இருக்கலாம். இருந்தாலும் ஒரு கேள்வி மிஞ்சுகிறது. தொலைந்த பிள்ளை, தெரியாத தகப்பன், மறைந்த முகம் என்று கதை வரும்போதெல்லாம் ஏன் இவரைக் கூப்பிட்டார்கள்? தையற்காரர் ஒருவருக்குக் காலர் நன்றாக வரும் என்றால் ஊரே அங்கேதான் சட்டை கொடுக்கும். இவருக்கு அந்த இடம் கைவந்தது. ஒருவரை ஒருவர் கண்டுகொள்ளும் நேரத்தில் எத்தனை வார்த்தை பேசலாம், எங்கே நிறுத்திவிட வேண்டும் என்பது, கேமரா முன்னால் நின்று கேட்டுப் பழகியவருக்குத் தெரிந்திருந்தது. எழுத்தாளராக மட்டும் இருந்தவர்கள் அந்த இடத்தில் பெரும்பாலும் கூடுதலாகப் பேச வைத்துவிடுகிறார்கள். அந்தக் காலத்து வசனங்களில் எனக்கு இருக்கிற ஒரே குறை அதுதான்.

சரி, பூதம். 1967-இல் எம்.வி. ராமன் இயக்கத்தில் வந்த 'பட்டணத்தில் பூதம்'. ஜெய்சங்கர், நாகேஷ், கே.ஆர். விஜயா. எழுத்தும் ஜாவர், பூதமும் ஜாவர். வாழ்க்கை முழுக்க ஓரமாக நின்று அடுத்தவர் பேசுவதைக் கேட்டவர், இந்த ஒரு படத்தில் ஜாடியைத் திறந்துகொண்டு வெளியே வந்து நடுவீட்டில் நின்று சிரித்தார். ஜீபூம்பா என்ற அந்தப் பெயர் எங்கள் ஊரில் மந்திரமாகவே ஆகிவிட்டது. பரீட்சை அன்றைக்கு மழை வர வேண்டும் என்றாலும் ஜீபூம்பா, அப்பா கையில் மார்க் ஷீட் சிக்காமல் இருக்கவும் ஜீபூம்பா.

எனக்கு அதில் கூடைப்பந்து ஆட்டம் ரொம்பப் பிடிக்கும். பூதம் செய்கிற உதவியில் பந்து தானாகப் போய்க் கூடையில் விழும். கம்ப்யூட்டர் கிராபிக்ஸ் என்ற சொல்லே இல்லாத காலம். தந்திரக் காட்சிகளை எடுத்தவர் ரவிகாந்த் நகாய்ச். அவர் வேலை அபாரம். ஆனால் தந்திரம் நம்பும்படி இருப்பதற்கு வேறொரு காரணமும் உண்டு. ஜாவர் அந்தப் பூதத்தைக் கேலிக்காக நடிக்கவில்லை. ஆயிரக்கணக்கான வருடம் அடைபட்டுக் கிடந்த ஒருவனுக்கு வெளிக்காற்று பட்டால் எப்படி இருக்குமோ அப்படி நடித்தார். விடுவித்தவன் மேல் அவ்வளவு நன்றி, அந்த நன்றியைக் காட்டத் தெரியாத முரட்டுத்தனம். குழந்தைகளாகிய எங்களுக்குப் பயமும் பாசமும் ஒரே நேரத்தில் வந்தது அதனால்தான். பானர்மேனாகக் கல்லாக நின்றவரும் பீஷ்மராகக் கண்டித்தவரும் இந்தப் பூதம்தான் என்பது வளர்ந்த பிறகும் எனக்கு ஆச்சரியம் தீரவில்லை.

இதெல்லாம் சினிமா. அம்மிச்சியின் ஜாவர் வேறு இடத்தில் இருந்தார். அவருடைய இரும்புப் பெட்டியில், பட்டுப்புடவைக்கு அடியில்.

அந்தக் காலத்தில் வாரப் பத்திரிகையில் பிடித்த தொடர்கதை வந்தால், வாராவாரம் அந்தப் பக்கங்களை மட்டும் கவனமாகப் பிரித்து எடுத்து வைப்பார்கள். தொடர் முடிந்ததும் பைண்டிங் கடையில் கொடுத்து காலிகோ போட்டுத் தைத்துக்கொள்வார்கள். புத்தகம் வாங்கப் பணம் இல்லாத வீடுகளில் இதுதான் நூலகம். அம்மிச்சியிடம் அப்படி ஏழெட்டு பைண்டுகள் இருந்தன. ஒன்றின் முதுகில் மை பேனாவால் அவரே எழுதியிருந்தார்: உடல் பொருள் ஆனந்தி.

ஜாவர் குமுதத்தில் எழுதிய தொடர்கள் இவை: 'மின்னல் மழை மோகினி', 'உடல் பொருள் ஆனந்தி', 'பணம் பெண் பாசம்'. தலைப்புகளைச் சத்தமாகச் சொல்லிப் பாருங்கள். மூன்று மூன்று சொற்கள், ஒவ்வொன்றும் ஒரு போஸ்டர். 'உடல் பொருள் ஆவி' என்று நாம் சாதாரணமாகச் சொல்லும் சொற்றொடரில் கடைசிச் சொல்லை எடுத்துவிட்டு ஒரு பெண்ணின் பெயரை வைத்தார். ஆவி இருந்த இடத்தில் ஆனந்தி. ஆவி என்றால் உயிர், ஆவி என்றால் பேய். தலைப்பைப் படிக்கும்போதே அந்தக் காணாமல்போன சொல் மனதுக்குள் ஒலித்துவிடும். அமானுஷ்யக் கதை ஒன்றுக்கு இதைவிட நல்ல வாசல் வேண்டுமா? நான் எழுத்தை ரசிக்கக் கற்றுக்கொண்டது இந்த ஒரு தலைப்பிலிருந்துதான் என்று தயங்காமல் சொல்வேன்.

இலக்கியம் பேசுகிறவர்கள் இந்த மாதிரித் தொடர்களைப் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. வணிக எழுத்து என்று ஒரு வார்த்தையில் முடித்துவிடுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. ஒவ்வொரு வாரமும் ஒரு அத்தியாயத்தை, அடுத்த வாரம் வரை தாங்குகிற மாதிரி நிறுத்துவது ஒரு கைத்தொழில். ஐந்தாம் வகுப்போடு படிப்பு நின்றுபோன என் அம்மிச்சியை, நாள் முழுக்கத் தோட்ட வேலை செய்துவிட்டு வந்து சிம்னி விளக்கில் உட்கார்ந்து எழுத்துக் கூட்டிப் படிக்க வைத்தவர்கள் இந்தத் தொடர்கதைக்காரர்கள்தான். அக்கம்பக்கத்தில் படிக்கத் தெரியாத நாலைந்து பெண்கள் திண்ணையில் வந்து உட்காருவார்களாம். இவர் உரக்கப் படிப்பாராம். 'தொடரும்' என்ற இடம் வந்ததும், "அட, இன்னும் ரெண்டு வரி இருக்கும் பாரு அக்கா" என்று கேட்பார்களாம்.

அந்த பைண்டை நான் பதினாறு வயதில் படித்தேன். பக்க ஓரங்களில் சோப்பு விளம்பரமும் தலைவலித் தைல விளம்பரமும் பாதி பாதி அறுபட்டு நின்றன. கரையான் இரண்டு இடத்தில் தின்றிருந்தது. மூச்சுவிடாமல் படித்துக்கொண்டே போனால் கடைசி மூன்று வாரத்துப் பக்கங்கள் இல்லை. யாரோ இரவல் வாங்கிப் போய்த் திருப்பித் தரும்போது அவை இல்லையாம். அம்மிச்சியிடம் ஓடினேன்.

"அப்புறம் என்னாச்சு?"

"உக்காரு, சொல்றேன்."

கண் தெரியாத அந்த முகத்தை நிமிர்த்தி வைத்துக்கொண்டு முழுக் கதையையும் சொன்னார். ஆனந்தி என்ன சொன்னாள், யார் வாசலில் வந்து நின்றார்கள், அவள் எப்படித் திரும்பிப் பார்த்தாள் என்று குரலை மாற்றி மாற்றி, ஏறக்குறைய ஒரு மணி நேரம். நான் ஒரு கேள்வியும் கேட்காமல் உட்கார்ந்திருந்தேன்.

அம்மிச்சி போய் ஆறு வருடம் கழித்து, கோவையில் ஒரு பழைய புத்தகக் கடையில் 'உடல் பொருள் ஆனந்தி' புத்தகமாகக் கிடைத்தது. நின்றபடியே கடைசி அத்தியாயங்களைப் புரட்டினேன். அம்மிச்சி சொன்ன முடிவு அதில் இல்லை. அவர் மறந்துவிட்டு வேறொன்றைச் சேர்த்தாரா, வேறு ஏதோ தொடர்கதையின் முடிவு கலந்துவிட்டதா, திண்ணையில் இருந்த பெண்களுக்காக எப்போதோ மாற்றிச் சொல்லி அதுவே அவருக்கு நிலைத்துப்போனதா, இனிமேல் கேட்க ஆளில்லை. புத்தகத்தை வாங்கிக்கொண்டு வந்தேன். வீட்டில் இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன, கடைசிப் பக்கங்கள் இல்லாத பைண்டும், முழுதாக இருக்கும் புத்தகமும். என் மகள் கதை கேட்கும்போது பைண்டைத்தான் எடுக்கிறேன்.